குரல் இவருடையது, முகம் வேறொருவருடையது

செப்டம்பர் 10, செவ்வாய் - பார்சிலோனா

லா ராம்ப்லாவில் உட்கார்ந்து காபி குடிக்காதீர்கள். இரண்டு காபிக்கும் ஒரு ஆரஞ்சுச் சாற்றுக்கும் 17 யூரோ வாங்கினார்கள். "எதையும் ரூபாயில் கணக்குப் போடக் கூடாது" என்று விமானத்திலேயே என்னிடம் சத்தியம் வாங்கியிருந்தாள் மனைவி. பில்லைப் பார்த்ததும் முதலில் கணக்குப் போட்டது அவள்தான். அதே தெருவின் பின்பக்கச் சந்தில் நின்றுகொண்டு குடித்தால் 1.60. ருசியில் ஒரு வித்தியாசமும் இல்லை.

அங்கே உட்கார்ந்ததற்கு ஒரே காரணம் பக்கத்தில் இருந்த லிசேயு ஓபரா அரங்கம். இந்தப் பயணத்துக்கே சாக்கு, அந்த அரங்கில் வளர்ந்த ஹொசே கரேராஸ். மூன்று டெனர்களில் (உச்ச ஸ்தாயியில் பாடும் ஆண் பாடகர்களை அப்படித்தான் சொல்வார்கள்) ஒல்லியானவர் என்றால் பலருக்கு நினைவு வரும். 1990 ஜூலை 7, கால்பந்து உலகக் கோப்பை இறுதிப் போட்டிக்கு முந்தின நாள், ரோமில் கராகல்லா இடிபாடுகளுக்கு நடுவே பவரொட்டி, டொமிங்கோ, கரேராஸ் மூவரும் பாடினார்கள். வாத்தியக் குழுவை நடத்தியவர் நம்ம மும்பைக்காரர் சுபின் மேத்தா. பாட்டாலேயே கதை சொல்லும் ஓபரா என்று ஒன்று இருப்பதே என்னைப் போன்றவர்களுக்குத் தொலைக்காட்சியில் வந்த அந்தக் கச்சேரியால்தான் தெரிந்தது. ஆனால் எனக்கு அவர்மேல் பிடிப்பு வந்தது, அவர் முகமே இல்லாத ஒரு படத்தால். அதை நாளைக்குச் சொல்கிறேன்.

லிசேயுவைச் சுற்றிக் காட்ட வந்த பெண்ணுக்கு இருபத்தைந்து வயது இருக்கும். 1994 ஜனவரி 31 அன்று மேடையில் பழுது பார்த்தவர்களின் வெல்டிங் பொறி திரைச்சீலையில் பட்டு அரங்கமே எரிந்துபோனதை, தன் சொந்த வீடு எரிந்த மாதிரி சொன்னாள். 1999 அக்டோபரில் மறுபடி திறந்திருக்கிறார்கள். கண்ணாடி மண்டபம் மட்டும் தீக்குத் தப்பித்த பழையது. உள்ளே சிவப்பும் தங்கமுமாகக் குதிரை லாட வடிவில் அடுக்கடுக்காக மாடங்கள். ஒவ்வொரு இருக்கைக்கும் சின்னத் திரை. பாட்டின் வரிகள் அதில் ஓடுமாம்.

மைக் இல்லாமல் கடைசி வரிசைக்குக் கேட்குமா என்று மனைவி கேட்டாள். அந்தப் பெண் பதில் சொல்லவில்லை. எங்களை ஐந்தாவது மாடத்தில் உட்காரச் சொல்லிவிட்டுக் கீழே இறங்கிப் போனாள். மேடையோரம் நின்று சாதாரணமாகப் பேசுகிற குரலில், "சென்யோரா, கேட்கிறதா?" என்றாள். பக்கத்து இருக்கையிலிருந்து கேட்ட மாதிரி இருந்தது. நான் எந்த மாடத்தில் இருக்கிறேன் என்பதையே ஒரு நிமிடம் மறந்துவிட்டேன்.

1958 ஜனவரி 3 அன்று இந்த மேடையில் (எரிந்துபோன அந்தப் பழைய மேடையில்) 11 வயதுப் பையனாகக் கரேராஸ் பாடியிருக்கிறார். ஸ்பானிய இசையமைப்பாளர் மனுவேல் தெ ஃபாயாவின் பொம்மலாட்ட ஓபராவில் கதை சொல்லும் சிறுவன் வேடம். அன்றைக்கு நடத்தியவர் ஹொசே இதுர்பி. அவரும் சாமானியப்பட்டவர் இல்லை. ஹாலிவுட் படங்களில் இதுர்பியாகவே தோன்றிப் பியானோ வாசித்துப் பெயர் வாங்கிய வலென்சியாக்காரர். பையனின் முதல் மேடையிலேயே ஒரு சினிமாக்காரர் கூட நின்றிருக்கிறார்.

மதியம் ஒரு விபத்து. மனைவி சைவம். ஒரு சின்ன பாரில் "வெஜிடல்" என்று எழுதியிருந்த சாண்ட்விச்சை நம்பி வாங்கினோம். பிரித்தால் இலை, தக்காளி, முட்டை, அதற்கு நடுவே கணிசமாகச் சூரை மீன். இந்த ஊரில் அதுதான் வழக்கமாம். இறைச்சி இல்லையென்றால் வெஜிடல். பாரில் இருந்த ஆள் எங்கள் முகத்தைப் பார்த்துவிட்டு ஒன்றும் கேட்காமல் தட்டை எடுத்துக்கொண்டு போனார். ரொட்டியைச் சுட்டு, நன்றாகப் பழுத்த தக்காளியைப் பாதியாக வெட்டி அதன்மேல் வைத்துத் தேய்தேய் என்று தேய்த்தார். சாறும் விதையும் ரொட்டிக்குள் இறங்கித் தக்காளியின் தோல் மட்டும் கையில் மிஞ்சியது. மேலே ஆலிவ் எண்ணெய், ஒரு சிட்டிகை உப்பு. அவ்வளவுதான். மீன் சாண்ட்விச்சுக்குக் காசு வாங்க மறுத்துவிட்டார். மனைவி இந்த ஊரில் சாப்பிட்டதிலேயே அதுதான் பெஸ்ட் என்கிறாள்.

செப்டம்பர் 11, புதன் - பார்சிலோனா

இன்று கத்தலோனியாவின் தேசிய நாள். 1714இல் பார்சிலோனா வீழ்ந்த நாளைக் கொண்டாடுகிறார்கள். தோற்ற நாளை விடுமுறை விட்டுக் கொண்டாடுவது எனக்குப் பிடித்திருந்தது. கடைகள் மூடல். பால்கனிக்குப் பால்கனி மஞ்சள் சிவப்புக் கோடு போட்ட கொடி. வெயில் சுள்ளென்று அடித்தது.

காலையில் சான்ட்ஸ். கரேராஸ் 1946 டிசம்பர் 5இல் பிறந்த தொழிலாளர் பேட்டை. அப்பா பள்ளி ஆசிரியராக இருந்தவர். உள்நாட்டுப் போரில் குடியரசுப் படையின் பக்கம் நின்றதால் சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சியில் பாடம் நடத்தக் கூடாது என்று சொல்லிவிட்டார்கள். போக்குவரத்துப் போலீஸ்காரர் ஆனார். அம்மா சின்னதாக ஒரு முடி அலங்காரக் கடை வைத்திருந்தார். 1951இல் பிழைப்புத் தேடி குடும்பத்தோடு அர்ஜென்டினாவுக்குக் கப்பலேறி, அது சரிப்படாமல் ஒரு வருஷத்துக்குள் திரும்பி வந்தார்கள்.

அந்தப் பையன் பாட ஆரம்பித்ததே ஒரு சினிமாவால்தான். ஆறு வயதில் 'தி கிரேட் கரூசோ' படத்துக்குக் கூட்டிப் போயிருக்கிறார்கள். 1951இல் வந்த ஹாலிவுட் படம். பழைய இத்தாலிய டெனர் கரூசோவாக நடித்துப் பாடியவர் மரியோ லான்ஸா. வீட்டுக்கு வந்த பையன் அந்தப் பாட்டுகளையே திரும்பத் திரும்பப் பாடி எல்லோரையும் படுத்தியெடுத்திருக்கிறான். தாங்காமல் விரட்டினால் குளியலறைக்குள் போய்ப் பூட்டிக்கொண்டு பாடுவானாம். அம்மாவின் கடைக்கு வருகிற வாடிக்கையாளர்களுக்குப் பாடிக் காட்டிச் சில்லறையும் தேற்றியிருக்கிறான். 8 வயதில் ஸ்பெயின் வானொலியில் 'ரிகொலெட்டோ' ஓபராவின் பிரபலமான பாட்டைப் பாடிவிட்டான். பாட்டு வாத்தியார் வருவதற்கு முன்பே திரை வந்துவிட்டது.

சான்ட்ஸில் சுற்றிப் பார்க்க ஒன்றும் இல்லை. பிளேன் மரங்கள், துணி காயும் பால்கனிகள், நாய்களோடு நடக்கும் தாத்தாக்கள். அப்படி ஒரு தாத்தாவின் பெஞ்சில்தான் நிழலுக்காக ஒதுங்கினோம். எந்த ஊர், எத்தனை பிள்ளைகள், இந்தியாவிலும் வெயில் இப்படியா என்று விசாரித்துவிட்டு, எதற்கு சான்ட்ஸுக்கு வந்தீர்கள் என்றார். கரேராஸ் பெயரைச் சொன்னதும் நிமிர்ந்து உட்கார்ந்தார். 1988இல் வெற்றி வளைவு அருகே நடந்த கச்சேரிக்குப் போயிருந்தாராம். "என்ன பார்த்தேன்? முன்னால் நின்றவனின் முதுகைப் பார்த்தேன். அவரைத் தொலைக்காட்சியில்தான் பார்த்தேன்." பேரன் பாதி ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தான், மீதியைத் தாத்தாவே கையால் நடித்துக் காட்டினார்.

சாயங்காலம் அந்த வளைவுக்கே போனோம். செங்கல்லால் கட்டிய சிவப்பு வளைவு. அதன் பின்னால் பனை மரங்களோடு நீளமான நடைபாதை. கொடி போர்த்திய கூட்டம் நிரம்பி வழிந்தது. நேற்று பாக்கி வைத்த கதைக்கு இதுதான் இடம்.

1987. இத்தாலிய இயக்குநர் லூயிஜி கொமென்சினி, புச்சினியின் 'லா போஎம்' ஓபராவைப் படமாக எடுக்கிறார். கவிஞன் ரொடோல்ஃபோவாக கரேராஸ், அவன் காதலி மிமியாக அமெரிக்கப் பாடகி பார்பரா ஹென்ட்ரிக்ஸ். பாட்டு முழுக்க முன்பே பதிவாகிவிட்டது. பாரிஸில் படப்பிடிப்பு நடக்கும்போது கரேராஸுக்கு உடம்பு முடியவில்லை. சோதித்தால் இரத்தப் புற்றுநோய், அதுவும் தீவிரமான வகை. வயது 40. பார்சிலோனாவுக்குக் கொண்டு வந்தார்கள். பிறகு அமெரிக்காவின் சியாட்டிலில் எலும்பு மஜ்ஜை மாற்றுச் சிகிச்சை.

படத்தை நிறுத்தவில்லை. லூக்கா கனோனிச்சி என்ற இளம் இத்தாலிய டெனரைக் கூட்டி வந்து கேமரா முன் நிறுத்தினார்கள். அவரும் பாடகர்தான், ஆனால் கரேராஸின் குரலுக்கு வாயசைத்தார். 1988இல் படம் வந்தது. பின்னணிப் பாட்டிலேயே வளர்ந்த நமக்கு இதில் அதிசயப்பட ஒன்றும் இல்லை என்றுதான் நானும் நினைத்தேன். ஆனால் கதையில் சாகிறவள் மிமி. ரொடோல்ஃபோ பக்கத்தில் உட்கார்ந்து அழ வேண்டியவன். அந்த அழுகையைப் பாடிக் கொடுத்த மனிதர், படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்த மாதங்களில் தானே பிழைப்பாரா என்று தெரியாமல் கிடந்திருக்கிறார். தெரிந்த பிறகு கடைசிக் காட்சியைப் பார்த்தால் கனோனிச்சியின் முகம் எனக்குக் கண்ணில் படவே இல்லை. பாவம், அவர் நன்றாகத்தான் நடித்திருக்கிறார்.

கரேராஸே ரொடோல்ஃபோவாகத் தெரியும் பதிவும் உண்டு. 1982இல் நியூயார்க் மெட்ரோபாலிட்டன் அரங்கிலிருந்து ஒளிபரப்பானது; மேடையமைப்பு செஃபிரெல்லி, மிமியாக தெரேசா ஸ்திராத்தாஸ். அதில் முகமும் இருக்கிறது, குரலும் இருக்கிறது, கழுத்தில் வியர்வையும் இருக்கிறது. ஆனாலும் நான் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்ப்பது கொமென்சினி படத்தைத்தான்.

1988 ஜூலை 21 அன்று இந்த வளைவின் கீழேதான் கரேராஸ் திரும்பி வந்து பாடினார். ஒன்றரை லட்சம் பேர். பெஞ்சுத் தாத்தா அவர்களில் ஒருவர். இரத்தப் புற்றுநோய்க்கான தன் அறக்கட்டளையையும் அதே வருஷம் தொடங்கினார். மூன்று டெனர் கச்சேரியும் அதற்கு நிதி திரட்ட நடந்ததுதான். 1995இலிருந்து ஜெர்மன் தொலைக்காட்சியில் வருஷா வருஷம் நிதி திரட்டும் கலை விழாவும் நடத்துகிறார். ஒரு டெனர் திரையில் அதிகமாகத் தோன்றியது காதலனாக அல்ல, உதவி கேட்பவராக என்றால் யார் நம்புவார்கள்?

இரவு ஒன்பது மணிக்கு முன் எங்கேயும் சமையல் இல்லை. பசியோடு அறைக்குத் திரும்பி, ஊரிலிருந்து கொண்டு வந்த கடலை மிட்டாயைத் தின்றோம்.

செப்டம்பர் 12, வியாழன் - ரயில்

பார்சிலோனாவிலிருந்து பம்ப்லோனா நாலு மணி நேரச் சொச்சம். ஸரகோஸா வரைக்கும் வெளியே பார்க்க ஒன்றும் இல்லை, காய்ந்த மண். பக்கத்து இருக்கை அம்மா கைப்பையிலிருந்து பாதாம் எடுத்து, கேட்காமலேயே எங்கள் கையில் கொட்டினார். வேண்டாம் என்று சொல்ல இடமே கொடுக்கவில்லை.

போனில் 'வெஸ்ட் சைட் ஸ்டோரி' ஒலிப்பதிவு பற்றிய ஆவணப்படத்தை மறுபடி பார்த்தேன். 1984இல் நியூயார்க்கில் அமெரிக்க இசையமைப்பாளர் லெனர்ட் பெர்ன்ஸ்டைன் தன் இசை நாடகத்தை ஓபரா பாடகர்களை வைத்துப் பதிவு செய்தபோது கூடவே எடுத்தது. அதில் நியூயார்க் தெருப் பையன் டோனி, பார்சிலோனா கரேராஸ். போர்ட்டோ ரிக்கோவிலிருந்து வந்த ஸ்பானியம் பேசும் மரியா, நியூசிலாந்தின் கிரி தெ கனாவா. உச்சரிப்பு உருண்டு உருண்டு வருகிறது. பெர்ன்ஸ்டைன் நிறுத்தி நிறுத்தித் திருத்துகிறார். ஒரு கட்டத்தில் கரேராஸ் மனம் நொந்து பாட்டை விட்டுவிட்டுப் போகிறார். அவர் நடித்த எந்தப் படத்திலும் இவ்வளவு உண்மையான ஒரு காட்சி கிடையாது என்பது என் கட்சி. மனைவி எட்டிப் பார்த்துவிட்டு, "அந்த மனுஷனை ஏன் இப்படிப் போட்டு வாட்டுறாங்க?" என்றாள். எனக்குப் பதில் தெரியவில்லை. திருத்துகிற பெர்ன்ஸ்டைன், நொந்துபோகிற கரேராஸ், இரண்டு பேருமே சரி.

பம்ப்லோனாவில் இறங்கியதும் குளிர். நேற்று வெயிலில் காய்ந்தவர்கள் இன்று ஸ்வெட்டர் தேடினோம்.

செப்டம்பர் 13, வெள்ளி - பம்ப்லோனா

செப்டம்பரில் இந்த ஊரில் நடந்தால் மிளகாய் சுடும் வாசனை வராத சந்து இல்லை. பிகீயோ என்ற சிவப்புக் குடைமிளகாய், காரமே கிடையாது. கடை வாசலில் கம்பி உருளைக்குள் போட்டு அனலில் சுற்றுகிறார்கள். தோல் கருகியதும் கையாலேயே உரித்து விதையைத் தட்டிப் போடுகிறார்கள். உரித்துக்கொண்டிருந்த பாட்டி ஒன்றை அப்படியே மனைவி வாயில் ஊட்டிவிட்டார்.

மதியச் சாப்பாடு 15 யூரோ: போச்சாஸ் என்ற வெள்ளைப் பீன்ஸ் குழம்பு (காய வைக்காமல் அப்படியே சமைப்பது, இந்த மாதம்தான் சீசன்), மிளகாய், ரொட்டி, ஒயின், கடைசியில் குவாஹாதா என்ற செம்மறியாட்டுப்பால் கட்டித் தயிர். பீன்ஸில் இறைச்சி இருக்கிறதா என்று மனைவி மூன்று விதமாகக் கேட்டு உறுதி செய்துகொண்டாள். பரிமாறியவர் நெஞ்சில் கைவைத்துச் சத்தியம் செய்தார்.

பம்ப்லோனா என்றால் எருது ஓட்டம்தான் எல்லோருக்கும் நினைவு வரும். நாங்கள் வந்தது ஹூலியான் கயாரே என்ற 19ஆம் நூற்றாண்டு டெனருக்காக. நகர நாடக அரங்கின் பெயரே கயாரே. தகோனேரா பூங்காவில் அவருக்குச் சிலை. செய்தவர் ஃப்ருக்துவோசோ ஓர்துனா, கயாரேவின் சொந்த ஊர்க்காரர்.

கயாரே 1844இல் பைரனீஸ் மலையில் ரொன்கால் என்ற கிராமத்தில் பிறந்தவர். சின்ன வயதில் ஆடு மேய்த்தார். இந்த ஊருக்குக் கடைச் சிப்பந்தியாக அனுப்பினார்கள். தெருவில் ராணுவ பாண்டு போனதும் கடையை அப்படியே போட்டுவிட்டு அதன் பின்னால் போய்விட்டார். வேலை போயிற்று. கொல்லன் பட்டறையில் சேர்ந்தார். பாட்டுக் குழுவில் இவர் குரலைக் கேட்ட இசையமைப்பாளர் ஹிலாரியோன் எஸ்லாவா மாட்ரிட்டுக்குப் படிக்க வழி செய்தார். 1876இல் மிலான் லா ஸ்காலா அரங்கில் 'லா ஜொகொண்டா' ஓபரா முதன்முதலாக மேடையேறியபோது கதாநாயகன் இவர்தான்.

1889 டிசம்பர் 8, மாட்ரிட் ராயல் தியேட்டர். பிரெஞ்சு இசையமைப்பாளர் பிஸேயின் 'முத்துக் குளிப்பவர்கள்' ஓபரா. உச்சத்தில் குரல் உடைந்தது. மறுபடி முயன்றார், மறுபடி உடைந்தது. அதோடு மேடை முடிந்தது. 1890 ஜனவரி 2 அன்று செத்துப்போனார். வயது 45.

அந்த ஓபரா நடப்பது இலங்கையில். நம்ம மன்னார் வளைகுடா முத்துக் குளிப்புதான். 1863இல் அதை எழுதியவர்கள் முதலில் மெக்சிகோவில் நடப்பதாக யோசித்து, அப்புறம் இலங்கைக்கு மாற்றினார்கள். எங்கே வைத்தால் என்ன, பார்க்கப் போவது யார் என்ற தைரியம்! பாத்திரங்கள் பிரம்மாவை வேண்டிக்கொள்கிறார்கள். பெயர்கள் நதீர், ஸுர்கா, லைலா. மன்னார்க் கரையில் இப்படிப் பெயர் வைத்த ஆளை யாரும் பார்த்திருக்க முடியாது. ஆனால் கதாநாயகன் நதீரின் பாட்டு இருக்கிறதே, அதைக் கேட்டபின் இதையெல்லாம் மன்னித்துவிடலாம். பைரனீஸ் ஆட்டிடையர் கடைசியாகப் பாடியது இலங்கைக்காரனாக வேஷம் போட்டு.

கயாரேவின் குரல் எங்கேயும் பதிவாகவில்லை. ஒரு வரி கூட இல்லை. அதனால்தான் ஸ்பெயின் சினிமா அவருக்கு இரவல் குரல் கொடுத்தது. 1959இல் 'கயாரே' என்று ஒரு படம். அவராக நடித்துப் பாடியவர் ஸ்பானிய டெனர் அல்ஃபிரெடோ கிராவுஸ். 1986இல் ஹொசே மரியா ஃபோர்க்கே எடுத்த 'ரொமான்ஸா ஃபினால்'. அதில் கயாரே, நம்ம கரேராஸ். குரல் இல்லாத ஒருவருக்குத் தன் குரலைக் கொடுத்தார். மறுவருஷமே தன் குரலுக்கு வேறொருவர் முகம் கொடுக்கும்படி ஆனது. இதை நான் முதலில் படித்தபோது ரொன்காலுக்குப் போயே ஆக வேண்டும் என்று தோன்றிவிட்டது.

சாயங்காலப் பேருந்தில் மலையேறினோம். ஓட்டுநர் வழியில் ஊருக்கு ஊர் நின்று மருந்துப் பொட்டலம், கார் உதிரி பாகம் எல்லாம் இறக்கிக் கொடுத்தார். ஒரு வளைவில் ஆட்டு மந்தை கடக்கும்வரை எஞ்சினை அணைத்துவிட்டு இடையனோடு கதை பேசினார். அவசரம் காட்டியது நாங்கள் இருவர் மட்டும்தான்.

செப்டம்பர் 14, சனி - ரொன்கால்

காலையில் ஆறு டிகிரி. மழை. கல் வீடுகள், கூழாங்கல் பதித்த தெருக்கள், கீழே எஸ்கா ஆறு. தெருவில் எதிர்ப்படும் ஒவ்வொருவரும் வணக்கம் சொல்கிறார்கள். சொல்லாமல் போனால் திரும்பிப் பார்க்கிறார்கள்.

கயாரேவின் வீடு இப்போது அருங்காட்சியகம். அவர் போட்ட உடைகள், கடிதங்கள், பரிசாக வந்த பொருட்கள். அப்புறம் அது. கண்ணாடிக்குள், திரவத்தில், அவருடைய குரல்வளை. இறந்த பிறகு மருத்துவர்கள் ஆராய்ச்சிக்காக எடுத்து வைத்தது. பழுப்பும் சாம்பலும் கலந்த நிறத்தில், நினைத்ததைவிட ரொம்பச் சின்னது. மனைவி ஒரு பார்வை பார்த்துவிட்டு அடுத்த அறைக்குப் போய்விட்டாள். நான் நின்றேன். இதிலிருந்து வந்த சத்தம் ஒரு நொடி கூட மிச்சமில்லை. சத்தம் வந்த இடம் மட்டும் பத்திரமாக இருக்கிறது. அருங்காட்சியக அம்மாள் என்னைப் பார்த்து, "எல்லோரும் இங்கேதான் அதிக நேரம் நிற்கிறார்கள்" என்றார், கொஞ்சம் அலுப்போடு. உடைகளை யாரும் பார்ப்பதில்லை என்பது அவர் வருத்தம்.

ஊருக்கு வெளியே கல்லறைத் தோட்டம். சாதாரணக் கிராமத்துச் சிலுவைகளுக்கு நடுவே மரியானோ பென்லியூரே செய்த பளிங்கும் வெண்கலமுமான பிரம்மாண்டம். 1900 பாரிஸ் உலகக் கண்காட்சியில் வைத்துப் பெயர் வாங்கிய பிறகு இங்கே வந்தது. வெண்கல உருவங்கள் சவப்பெட்டியை மேலே தூக்கிப் பிடிக்கின்றன. அதற்கும் மேலே சிறகு வைத்த உருவம் ஒன்று குனிந்து, பெட்டியின் மூடியில் காதை வைத்துக் கேட்கிறது, உள்ளே இன்னும் பாடுகிறாரா என்று. சிற்பி கொஞ்சம் அதிகமாகப் போய்விட்டார் என்று நினைக்கத்தான் வந்தேன். அந்தக் காதிலிருந்து மழைத்தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது, நான் வாய் திறக்கவில்லை.

பாலாடைக்கட்டிக் கடையில் உடம்பு சூடானது. ரொன்கால் கட்டி, காய்ச்சாத செம்மறியாட்டுப்பாலில் செய்து குறைந்தது நாலு மாதம் வைப்பது. ஸ்பெயினில் முதன்முதலில், 1981இல், ஊர்ப்பெயருக்கு சட்டப் பாதுகாப்பு வாங்கிய பாலாடைக்கட்டி இதுதான். தோல் மேல் சாம்பல் நிறப் பூஞ்சை. கடைக்காரப் பெண் கத்தி முனையில் ஒரு சீவல் கொடுத்தார்; முதலில் வெண்ணெய், பிறகு நாக்கின் ஓரத்தில் சுருக்கென்று ஒரு காரம். கிலோ 24 யூரோ. அரைக் கிலோ வாங்கினோம்.

திரும்பும் பேருந்துக்கு நின்றோம். வரவில்லை. நிறுத்தத்தில் ஒட்டியிருந்த அட்டவணை கோடைக்காலத்தது. அது முடிந்து வாரக்கடைசிப் பேருந்தை நிறுத்திவிட்டார்கள், தாளை மாற்றவில்லை. விடுதி அம்மாளிடம் திரும்பினால், அவர் ஆச்சரியமே படவில்லை. அறையைப் பெருக்கக்கூட இல்லை, நீங்கள் வருவீர்கள் என்று தெரியும் என்றார். முன்பே சொல்லியிருக்கலாமே என்று மனைவி தமிழிலேயே முணுமுணுத்தாள். இரவு உணவுக்கு ரொட்டித் தூளை எண்ணெயில் பூண்டு போட்டு வறுத்த மிகாஸ் என்ற இடையர் சாப்பாடு. எங்களுக்காகப் பன்றிக் கொழுப்பு இல்லாமல், மேலே முட்டை போட்டு. மனைவி முட்டை சாப்பிடுவாள், அந்த மட்டும் தப்பித்தோம்.

இருந்த அரைகுறை வைஃபையில் கிராவுஸின் 'கயாரே' காட்சிகளைப் பார்த்தோம். 1956இல் மேடையேறியவர், படம் வரும்போது வயது 31. அதற்குப் பிறகு சினிமாவை அதிகம் சீண்டவில்லை. அந்த நதீர் பாட்டு அவருடைய அடையாளமே ஆனது. குரலைக் கட்டுப்பாடாக வைத்திருப்பதில் கிராவுஸுக்கு இணை சொல்ல முடியாது. எழுபது வயதிலும் மேடையில் நின்று பாடியவர். அப்படிப்பட்டவரிடம் போய், குரல் உடைந்துபோன மனிதனின் வேடத்தைக் கொடுத்திருக்கிறார்கள். படம் பழைய காலத்து மிகை நடிப்புதான். ஆனால் பாட ஆரம்பித்ததும் அந்த மிகை எல்லாம் எங்கே போகிறது என்று தெரியவில்லை.

கரேராஸின் காட்சிகளும் கொஞ்சம் கிடைத்தன. நடிப்பு என்று பெரிதாக ஒன்றும் இல்லை, நிற்கிறார், பார்க்கிறார். பாடும்போது மட்டும் கழுத்து நரம்பு புடைத்து முகம் சிவக்கிறது. கிராவுஸைப் பார்த்தால் கயாரே பாடம் படித்தவர் என்று தோன்றுகிறது. கரேராஸைப் பார்த்தால் ஆடு மேய்த்தவர் என்று நம்ப முடிகிறது. மனைவியின் ஓட்டு கிராவுஸுக்கு. என் ஓட்டு எதற்கு என்று சொல்லத் தேவையில்லை. சுவர் தட்டி யாரோ சத்தத்தைக் குறைக்கச் சொன்னார்கள்.

செப்டம்பர் 15, ஞாயிறு - வழியில்

காலையில் பாரில் காபி குடித்துக்கொண்டிருந்தவர்களிடம் விடுதி அம்மாள் எங்கள் கதையை அறிவித்தார். பம்ப்லோனா போகிற ஒருவர் தன் வேனில் ஏறச் சொன்னார். பின்னால் இரண்டு நாய்கள். ரொன்கால்காரர் ஆயிற்றே, கயாரேவைப் பற்றி ஏதாவது சொல்வார் என்று எதிர்பார்த்தேன். ஓபரா கேட்டால் தூக்கம் வரும் என்றார். வழி முழுக்க ஹெவி மெட்டல், அதுவும் கண்ணாடி அதிரும் அளவுக்கு. நாய்கள் பழகிப்போய்த் தூங்கின.

பணம் நீட்டியதற்குக் கோபமே வந்துவிட்டது அவருக்கு. மனைவி பையில் மிச்சமிருந்த கடலை மிட்டாயைக் கொடுத்தாள். வாயில் போட்டவர் ஓரமாக வண்டியை நிறுத்தி, என்ன இது என்று கேட்டு, பாக்கெட்டைத் திருப்பித் தரவே இல்லை.

செப்டம்பர் 16, திங்கள் - பம்ப்லோனா

பழைய ஊரில் ஒரு பழம்பொருள் கடையில் 'ரொமான்ஸா ஃபினால்' வட்டு இருக்கிறதா என்று கேட்டேன். கடைக்கார அம்மாளுக்கு அறுபதுக்கு மேல் இருக்கும். படம் வந்தபோதே கொட்டகையில் பார்த்தாராம். "எங்கள் ஊர்க்காரரைப் பற்றிய படம், அதற்காகப் போனோம். கரேராஸ் பாடும்போது அம்மா அழுதார். மற்ற நேரம் அப்பா தூங்கினார்." வட்டு இல்லை, வரவும் வராது என்றார். தேடிப் பார்த்துவிட்டு வேறொன்றை எடுத்து வைத்தார்: கொமென்சினியின் 'லா போஎம்', பழைய வீடியோ கேசட், 2 யூரோ.

இது பார்சிலோனாக்காரரின் குரல், முகம் வேறு ஆளுடையது, தெரியுமா என்று அவரிடம் சொன்னேன். அவருக்குத் தெரியாது. கேசட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அப்படியானால் விலை 3 யூரோ என்றார்.

"அதைப் போட்டுப் பார்க்க நம்ம வீட்ல பெட்டி எங்கங்க இருக்கு?" என்றாள் மனைவி. நியாயம்தான். வாங்கவில்லை. ரயிலுக்கு நேரமிருந்ததால் அடுத்த கடையில் ஆளுக்கொரு கிண்ணம் குவாஹாதா, மேலே தேன் ஊற்றி. இரண்டும் சேர்த்து 7 யூரோ. ரூபாய்க் கணக்கை இந்தத் தடவை யாரும் போடவில்லை.